ஒத்துப் பார்க்க இன்னொரு சொட்டு

என் மாமியார் ஒச்சம்மாள் வீட்டு முன்னறையில் மூன்று படங்கள் மாட்டியிருந்தார். ஒன்று பழனி முருகன். இன்னொன்று செத்துப்போன மாமனார். மூன்றாவது, ஏலச்செடியின் இலைச்சாற்றில் இருந்த நோயின் படம். கம்பத்துக்கு ஆள் அனுப்பிக் கண்ணாடி போட்டு, மரச்சட்டம் அடித்து வாங்கி வந்த படம் அது. முதல் இரண்டுக்கும் வெள்ளிக்கிழமை மட்டும்தான் பூ. மூன்றாவதை, வீட்டுக்கு வருகிறவர்களை எல்லாம் கூட்டிப்போய்க் காட்டுகிற பூசை தினமும் நடந்தது.

"இந்தா பாருங்க, இதுதான் என் மருமக கொண்டாந்த சீரு" என்பார்.

அந்த மருமகள் நான்தான், முத்துப்பேச்சி. வந்தவர்களுக்குக் கொடுக்கக் காப்பித் தம்ளரை வைத்துக்கொண்டு பக்கத்திலேயே நின்றுகொண்டிருப்பேன். அவர்கள் படத்தைப் பார்ப்பார்கள், பிறகு என் வயிற்றைப் பார்ப்பார்கள், பிறகுதான் தம்ளரை வாங்குவார்கள்.

படத்தில் அப்படி ஒன்றும் பெரிதாக இல்லை. கறுப்புத் தரையில் சேமியாவைக் கொட்டிவிட்டதுபோல வெளிறிய நூல்கள் கிடக்கும். ஒன்றிரண்டு வளைந்திருக்கும். பாயசம் வைக்கலாம் என்று தோன்றுமே தவிர, ஒரு குடும்பத்தைக் கலைக்கிற சாமான் என்று யாருக்கும் தோன்றாது.

எங்கள் சனத்தில் ஒரு வழக்கம் உண்டு. ஏலமலையில் பெண்ணைக் கட்டிக்கொடுக்கும்போது நகை, பாத்திரத்தோடு பிறந்த வீட்டுத் தோட்டத்திலிருந்து நல்ல ஏலச்செடித் தூராகப் பார்த்துத் தோண்டி, வேர் மண்ணோடு சாக்கில் சுற்றி அனுப்புவார்கள். சீர்த்தூர் என்று பெயர். போன வீட்டில் பெண் தன் கையால் அதை நட வேண்டும். அது தழைத்தால் அவள் தழைப்பாள். எழுபத்திரண்டில் நான் ஆமையாற்றுக்கு ரத்தினசாமிக்கு வாழ்க்கைப்பட்டுப் போனபோது, புளியன்மலையிலிருந்து எங்கப்பா ஒரு ஜீப்பின் பின்பக்கம் நிறையத் தூர் ஏற்றி அனுப்பினார். வீட்டுக்கு ஏறுகிற பாதையோரமாக அத்தனையையும் நானே குழியெடுத்து நட்டேன்.

நன்றாகத்தான் வந்தது. அடுத்த வருடமே பூச்சரம் ஓடிக் காய் பிடித்தது. மாமியார் முதல் காயைக் கையில் வைத்து உருட்டிப் பார்த்துவிட்டு, "ராசியான கைதான்" என்றார். அவர் வாயிலிருந்து அப்படி ஒரு சொல் வருவதற்கு மலையே இடம் மாறியிருக்க வேண்டும். மூன்றாம் வருடம் இலைகளில் மஞ்சள் கோடு கோடாக விழுந்தது. தண்டுத் தட்டைகள் சூம்பிப் போயின. சரம் வந்தது, காய் வரவில்லை. தோட்டக்காரர்கள் கட்டே என்று சொல்கிற நோய் அது. எனக்கும் அதுவரை பிள்ளை இல்லை. இரண்டையும் சேர்த்து முடிச்சுப் போட மாமியாருக்கு அதிக நேரம் பிடிக்கவில்லை.

அப்போதுகூட வழி இருந்தது. எலுமிச்சம்பழம் சுற்றிப் போட்டார்கள். என்னையும் நிற்க வைத்துச் சுற்றினார்கள். கண்ணேறு என்றார்கள், காத்துக்கருப்பு என்றார்கள். எனக்கு அதில் ஒன்றும் வருத்தமில்லை. கண்ணேறு பட்டவளைப் பார்த்து மற்றவர்கள் பரிதாபப்படுவார்கள். கழித்துப் போட்டால் போய்விடும் என்கிற நம்பிக்கை எல்லோருக்கும் இருக்கும்.

எழுபத்தைந்து மழைக்காலத்தில்தான் அந்த ஆராய்ச்சிக்காரர் வந்தார். பெயர் யக்ஞநாராயணன். கல்பாத்தி அக்ரஹாரத்துக்காரர், டெல்லிப் பக்கம் எங்கேயோ செடி நோய்களைப் படித்துக்கொண்டிருந்தார். வண்டன்மேட்டுச் சுற்றுவட்டத்தில் தோட்டம் தோட்டமாக இலை சேகரித்துக்கொண்டு வந்தவர் எங்கள் வீட்டுக்கும் ஏறினார். ஒல்லி ஆள். கால்சட்டையை முழங்கால் வரை சுருட்டி விட்டிருந்தார். அட்டைகள் அந்தக் காலை விருந்தாக எடுத்துக்கொண்டிருந்தன.

"நோவு மொதல்லே எங்கே வந்தது?" என்று கேட்டார்.

"வேற எங்க சாமி? இவ கொண்டாந்த சீருலதான்" என்றார் மாமியார்.

அது பொய் என்று சொல்ல மாட்டேன். அவர் கண்ணுக்கு முதலில் பட்டது அதுதான். பாதையோரம் இருப்பதுதானே முதலில் படும். ஓடைப் பக்கம், வாழைக்குக் கீழே, என் மாமனார் காலத்துத் தூர்களில் அதற்கு முந்திய வருடமே கோடு விழுந்ததை நான் பார்த்திருந்தேன். என் கணவரும் பார்த்திருந்தார். அவர் வாயைத் திறக்கவில்லை. ரத்தினசாமி கெட்டவர் இல்லை. அவர் நாக்கு மட்டும் அம்மாவிடம் அடகு இருந்தது.

நானே சொன்னேன். "சார், ஓடைப் பக்கம் பழைய தூருலயும் இருக்கு. அங்கயும் ரெண்டு எலை எடுத்துக்குங்க."

அவர் ஓடைப் பக்கம் பார்த்தார், சேற்றைப் பார்த்தார், தன் காலைப் பார்த்தார். "போரும்மா. எல்லாம் ஒரே நோவாக்கும். ஒண்ணு பார்த்தாப் போரும்" என்று சொல்லி, என் தூரில் மட்டும் இலை கிள்ளி டப்பாவில் போட்டுக்கொண்டு ஜீப்பில் ஏறினார்.

சில மாதம் கழித்து அவரே படத்தோடு வந்தார். இலை கொடுத்த தோட்டக்காரர்களுக்குப் படம் காட்டுவது அவருக்கு ஒரு சந்தோஷம். பிள்ளை பெற்றவன் சர்க்கரை கொடுப்பதுபோல முகமெல்லாம் சிரிப்பு. பெஞ்சில் உட்கார்ந்து எங்களுக்குப் பாடமே நடத்தினார்.

"ஒரு மில்லிமீட்டர்னா குண்டூசித் தலை அளவு. அதைப் பத்து லட்சம் கூறு போட்டா ஒரு கூறு ஒரு நானோமீட்டர். இந்த நூலோட கனம் அப்படிப் பத்துப் பன்னிரண்டு இருக்கும், அவ்வளவுதான். பூதக்கண்ணாடி வச்சாலும் தெரியாது, கேட்டேளா. ஏன்னா வெளிச்சத்தோட அலையே ஐநூறு நானோமீட்டர். பெரிய கண்ணு வச்ச வலையிலே பொடிமீன் அகப்படுமோ?"

"பெறகு எப்பிடி சார் பாத்தீக?" என்று கேட்டேன்.

"வெளிச்சத்தை விட்டுட்டு எலக்ட்ரானை விட்டுப் பார்க்கணும். மிஷினுக்குள்ளே காத்தையெல்லாம் உறிஞ்சி எடுத்துடுவோம். இலைச்சாத்திலே ஒரு சொட்டைப் பொட்டளவு செப்புச் சல்லடை மேலே வச்சு, சுத்திலும் கறுப்பாத் தெரியறதுக்கு மருந்து விட்டு உள்ளே அனுப்பினா, நாப்பதாயிரம் மடங்கு பெரிசாத் தெரியும்."

எனக்கு உண்மையிலேயே பிடித்திருந்தது. எட்டாம் வகுப்போடு நிறுத்திவிட்ட எனக்கு, இத்தனை சின்ன இடத்துக்குள்ளும் ஒரு உலகம் கிடக்கிறது என்று கேட்பது திருவிழா பார்ப்பதுபோல இருந்தது. கொஞ்ச நேரம் என் கஷ்டத்தைக்கூட மறந்துவிட்டேன். மாமியார் மறக்கவில்லை.

"இந்தப் புழுவுக்கு உசுரு இருக்கா சாமி?"

"புழு இல்லை. தனியா இருந்தா உசிரு இல்லைன்னுதான் சொல்லணும். செடிக்குள்ளே போனா உசிரு இருக்கறாப்போலே பெருகும்."

"உசுரும் இல்ல, உசுரு இல்லாமயும் இல்லன்னா அது பேயில்லாம வேற என்னவாம்?" என்றார் மாமியார். யக்ஞநாராயணன் சிரித்தார். மாமியார் சிரிக்கவில்லை. "இது மனுச ஒடம்புக்குள்ளயும் போகுமா?"

அவர் யோசித்தார். அந்த யோசனைதான் என் தலையெழுத்து. பட்டென்று 'போகாது' என்று சொல்லியிருந்தால் பேச்சு அங்கேயே முடிந்திருக்கும். படித்த மனிதர் அல்லவா, நிறுத்து அளந்து சொன்னார்.

"செடியிலேருந்து மனுஷாளுக்கு வந்ததா இதுவரைக்கும் தெரியலை."

மாமியார் தலையை ஆட்டிக்கொண்டார். ஆராய்ச்சிக்காரரின் ஜீப் வளைவு திரும்புவதற்குள், "இதுவரைக்குமுன்னுதானே சொன்னாரு? இல்லவே இல்லன்னு சொல்லலையே" என்றார்.

போகும்போது யக்ஞநாராயணன் படத்தை எங்களிடமே கொடுத்து, இன்னொன்றும் சொல்லிவிட்டுப் போனார். மஞ்சள் கோடு விழுந்த தூர் எங்கே இருந்தாலும் எல்லாவற்றையும் பிடுங்கி எரித்துவிட வேண்டும், இல்லாவிட்டால் வாழையில் இருக்கிற அசுவினிப் பூச்சி ஒன்றிலிருந்து இன்னொன்றுக்குக் கொண்டுபோய்விடும். மறுநாள் என் சீர்த்தூர்களை ஆள்விட்டுப் பிடுங்கிப் பாதையிலேயே போட்டு எரித்தார்கள். ஈரத்தூர் லேசில் எரியவில்லை. மண்ணெண்ணெய் ஊற்றினார்கள். ஓடைப் பக்கத்துத் தூர்களைத் தொடவில்லை.

"அதுலயும் இருக்கே அத்தை" என்றேன்.

"அது எங்க வீட்டுத் தூரு. உரம் போட்டா தேறிக்கிரும்" என்றார் மாமியார்.

அதற்குப் பிறகுதான் படம் சுவரில் ஏறியது. என் தட்டு தனியாயிற்று. நான் குடித்த தம்ளரைக் கொழுந்தனார் பிள்ளைகள் தொடக்கூடாது என்றாயிற்று. எலுமிச்சம்பழம் வாங்குவது நின்றுபோயிற்று. படம் பிடித்துக் காட்டிய நோய்க்கு எலுமிச்சம்பழம் என்ன செய்யும்? கண்ணுக்குத் தெரியாதவரை பரிகாரம் இருந்தது. தெரிந்த பிறகு நான்தான் மிச்சம். எனக்கு வந்த ஆத்திரத்துக்கு அந்தக் கண்ணாடியை எத்தனையோ தடவை உடைத்திருப்பேன். உடைத்தால் புழு வீடெல்லாம் பரவிவிட்டது என்பார்கள் என்றுதான் விட்டேன்.

அடுத்த கோடையில் என்னைத் தீர்த்துப் பிறந்த வீட்டுக்கே அனுப்பிவிடப் பேச்சு நடந்தது. எங்கப்பாவை வரச் சொன்னார்கள். ரத்தினசாமிக்கு வேறு பெண்ணும் பார்த்தாகிவிட்டது என்று அடுப்படிவரை சேதி வந்தது. பிறந்த வீட்டுக்குப் போனால் எனக்குச் சோறு இல்லாமல் போகாது. ஆனால் நோய்ப்பெண் என்ற பெயரோடு திரும்பினால் என் தங்கச்சியை யார் கட்டுவார்கள்? தவிரவும் அந்தத் தோட்டத்தில் பாதிக் குழி என் கை பட்டது. எதற்காக நான் போக வேண்டும்?

அந்த வாரம் யக்ஞநாராயணனின் ஜீப் முக்கு டீக்கடையில் நின்றது. நான் இறங்கிப் போய் அவர் முன்னால் நின்றேன். விஷயத்தைச் சொன்னேன். அவர் டீத் தம்ளரைக் கீழே வைத்தார்.

"ஈசுவரா! அந்தப் படத்தை வச்சுண்டா?"

"நீங்க வந்து ஒரு வார்த்தை சொல்லணும் சார். மனுசருக்கு வராதுன்னு. அது போதும்."

வந்தார். அதை மறுக்கக்கூடாது. மனசு நல்ல மனசுதான்.

முன்னறையில் எங்கப்பா ஒருபக்கம், ரத்தினசாமியும் அவர் சித்தப்பாவும் ஒருபக்கம், நடுவில் பெஞ்சில் யக்ஞநாராயணன். மேலே சட்டத்துக்குள் சேமியா. அவர் பேசினார். படம் இன்ன நோய் என்று மட்டும்தான் சொல்லும், எங்கிருந்து வந்தது என்று சொல்லாது என்றார். "அன்னிக்குப் பழைய தூரிலேருந்தும் நான் இலை எடுத்திருக்கணும். நோவு இருக்கறதுன்னு நெனைக்கறதையும் இல்லைன்னு நெனைக்கறதையும் பக்கத்திலே பக்கத்திலே வச்சு ஒத்துப் பார்க்காம ஒண்ணும் சொல்லப்படாது. எம்பேர்லே தப்பாக்கும்" என்றார். ஒருவருக்கும் அது காதில் ஏறவில்லை.

சித்தப்பா நேராகக் கேட்டார். "அதெல்லாம் இருக்கட்டுங்க. இது மனுசருக்கு வரவே வராதுன்னு அடிச்சுச் சொல்வீகளா?"

யக்ஞநாராயணன் என்னைப் பார்த்தார். கும்பிடாத குறையாக நானும் அவரைப் பார்த்தேன்.

"வந்ததா எங்கேயும் ஒரு அத்தாட்சியும் இல்லை" என்றார்.

"வரவே வராதா?"

"அப்படி ஒரு வார்த்தை எங்க சாஸ்திரத்திலே கிடையாது, கேட்டேளா. பார்த்ததைத்தான் சொல்லலாம். நான் செடி நோவு படிச்சவன். பார்க்காததைச் சொன்னா, படிச்ச படிப்புக்கு அர்த்தமில்லை."

வீடு பற்றி எரியும்போது, வாளித் தண்ணீரில் எத்தனை பங்கு உப்பு என்று பார்க்கிற மனிதரை என்ன சொல்வது? ஒரே ஒரு பொய். பொய்கூட இல்லை, கொஞ்சம் அழுத்திச் சொன்ன உண்மை. அதற்கு அவர் மனச்சாட்சி இடம் கொடுக்கவில்லை. என் மனம் விட்டுப்போயிற்று. பயமும் கூடவே போயிற்று.

"அப்ப என் ரத்தத்தைக் கொண்டுபோய்ப் பாருங்க சார்" என்றேன். தாலிக்கயிற்றில் கோத்திருந்த ஊக்கைக் கழற்றி விரலில் குத்தினேன். அவர் தடுக்கப் பார்த்தார். இலைச்சாறு எடுக்கிற குப்பி ஒன்று அவர் பையில் தலை நீட்டிக்கொண்டிருந்தது. நானே எடுத்து மூடியைத் திறந்து விரலை வைத்து அழுத்தினேன்.

"ரத்தத்திலே பார்க்கறது அவ்வளவு லேசில்லைம்மா" என்றார். என் முகத்தைப் பார்த்துவிட்டு, "சரி, பார்க்கறேன்" என்று குப்பியை வாங்கிக்கொண்டார்.

மாமியாருக்குத் திருப்தி. "பாக்கட்டும், நல்லாப் பாக்கட்டும். அதையும் படம் புடிச்சுக் கொண்டாரட்டும்" என்றார்.

நான் ஊக்கைத் துடைத்துப் புருஷன் பக்கம் நீட்டினேன்.

"ஒத்துப் பாக்கணுமுன்னு இப்பத்தானே சார் சொன்னீக. எனக்கு நோவு இருக்குங்கிறாக. அவுகளுக்கு இல்லைங்கிறாக. ரெண்டையும் பக்கத்துல வச்சுப் பாருங்க. பிள்ளையில்லாதது ரெண்டு பேருக்கும்தானே? அவுக ரத்தத்துலயும் ஒரு சொட்டு எடுத்துக்குங்க."

எங்கப்பா தரையைப் பார்த்தார்.

யக்ஞநாராயணனுக்கு உலகம் தெரியாது. எனக்கு அன்று அவர் செய்த ஒரே உபகாரம் அதுதான். "அவா கேக்கறது நியாயமாக்கும்" என்று சொல்லிவிட்டு, பையிலிருந்து இன்னொரு குப்பியை எடுத்து மூடியைத் திறந்து நீட்டினார். "ஒரு சொட்டுப் போரும்."

ரத்தினசாமி முழங்கை வரை மடித்துவிட்டிருந்த சட்டைக்கையை மெதுவாக இறக்கினார். பொத்தானைப் போட்டார். ஏலக்காய் உலர்த்துகிற ஸ்டோரில் விறகு அணைந்திருக்கும் என்று யாரையும் பார்க்காமல் சொல்லிவிட்டு எழுந்து வெளியே போனார். ஏலக்காய் எடுப்பு முடிந்து எத்தனையோ நாளாகியிருந்தது. ஸ்டோரில் அடுப்பே மூட்டவில்லை.

"ஆம்பளை ரத்தத்தைக் குப்பியில புடிக்கிறதாவது! பொட்டச்சி வாயில வர்ற பேச்சா இது?" என்று சித்தப்பா துண்டை உதறினார்.

அதுவரை வைத்தியம் பார்க்கலாமா, கொஞ்ச நாள் பொறுக்கலாமா என்று இழுத்துக்கொண்டிருந்தவர்கள் அதற்குப் பிறகு ஒரு நிமிடம் யோசிக்கவில்லை. நோய் இருப்பவளைக்கூட வைத்துக்கொண்டிருப்பார்களோ என்னவோ, வாய் இருப்பவளை வைத்துக்கொள்ள முடியாது என்று முடிவானது. எங்கப்பா என் பெட்டியைத் தூக்கிக்கொண்டார். யக்ஞநாராயணன் ஒரு குப்பியில் என் ரத்தத்தோடும் இன்னொரு குப்பி காலியாகவும் கீழே இறங்கினார்.

மறக்காமல் புளியன்மலைக்கே தேடி வந்து முடிவும் சொன்னார். "மிஷின்லே பார்த்தேன். உங்க ரத்தத்திலே ஒண்ணும் தெரியலை."

எங்கப்பா, "நோவு இல்லைங்கிறீக?" என்று கேட்டார்.

"தெரியலைங்கறேன்."

நான் எழுந்து உள்ளே போய்விட்டேன். அவருக்குக் காப்பிகூடக் கொடுக்கவில்லை.

தை மாதம் ரத்தினசாமி ராசம்மாளைக் கட்டினார். அணைக்கரைப் பக்கத்துப் பெண். அவளும் சீர்த்தூரோடு வந்தாளாம். ஓடைப் பக்கத்துத் தூர்கள் உரம் போட்டும் தேறவில்லை. பாதித் தோட்டம் மஞ்சளாகிவிட்டது என்று வண்டன்மேட்டில் ஏலக்காய் ஏலத்துக்கு வருகிறவர்கள் சொன்னார்கள். சந்தோஷப்படக் கூடாது என்று நினைத்தேன். படாமல் இருக்க முடியவில்லை.

எழுபத்தொன்பதில், ஒரு ஏல நாளன்று வண்டன்மேட்டில் பஸ்ஸுக்குக் காத்திருந்தபோது ராசம்மாளை முதல் தடவையாகப் பார்த்தேன். பக்கத்திலிருந்தவள்தான் அடையாளம் காட்டினாள். மெலிந்து போயிருந்தாள். கையில் மருந்துக்கடைப் பொட்டலம். நானாகப் போய்ப் பேசினேன். யார் என்று சொன்னதும் அவள் முந்தானையை இழுத்துச் சுருட்டிக்கொண்டு பெஞ்சின் ஓரத்துக்கு நகர்ந்தாள்.

"தப்பா நெனைக்காதீகக்கா, கொஞ்சம் தள்ளி உக்காருங்க" என்றாள். "எனக்கும் மூணு வருசம் ஆகப்போகுது, ஒண்ணும் நிக்கல. நீங்க அந்த வீட்டுல விட்டுட்டு வந்தது எம்மேல ஏறிருச்சுன்னு அத்தை சொல்றாக. பெரியகொளம், மதுரைன்னு எத்தனையோ எடத்துல என்னையப் பாத்தாச்சு."

எனக்குக் கோபம் வந்தது. அவள்மேல் இல்லை. அவளைக் கட்டிக்கொண்டு அழலாம்போல இருந்தது. தொட்டால் அலறிவிடுவாள் என்று கையை மடியிலேயே வைத்துக்கொண்டேன்.

"ஒன்னையப் பாத்தது சரி தாயி. ஒரு தடவையாச்சும் ஒன் வீட்டுக்காரரைக் கூட்டிப்போய்க் காட்டினாகளா?" என்று கேட்டேன்.

ராசம்மாள் நான் என்ன கேட்கிறேன் என்றே புரியாமல் என் முகத்தைப் பார்த்தாள்.

"அவுகளுக்கு என்னக்கா?" என்றாள். "அவுக நல்லாத்தானே இருக்காக."

பஸ் வந்தது. அவளும் அதில்தான் போக வேண்டும். நான் ஏறுகிறேன் என்று தெரிந்ததும், அடுத்த பஸ்ஸில் வருவதாகச் சொல்லி அங்கேயே நின்றுகொண்டாள்.